டான்யா டலாகா: தேர்தல் செய்திக்காகப் போன நிருபர்

கேட்கப்பட்ட கேள்வி இது: "கனடாவின் பூர்வகுடிகளைப் பற்றிப் பேச்சு வந்தாலே டான்யா டலாகா என்ற பெயரும் வருகிறது. ஒஜிப்வே வழிவந்தவர் என்கிறார்கள். அவர் நிருபரா, எழுத்தாளரா, போராளியா? அப்படி என்ன செய்துவிட்டார்? படிக்க வேண்டுமென்றால் எங்கே தொடங்குவது?"

மூன்றில் ஒன்றைத்தான் சொல்ல வேண்டும் என்றால் நிருபர் என்பேன். அவருடைய புத்தகங்களும் படங்களும் சொற்பொழிவுகளும் நிருபர் வேலையிலிருந்து கிளைத்தவைதான். சரியாகச் சொன்னால், 2011-ல் அவர் எழுதப் போய் எழுத முடியாமல் போன ஒரு செய்தியிலிருந்து கிளைத்தவை. அதனால் அங்கிருந்தே ஆரம்பிக்கிறேன்.

2011 மே மாதம் கனடாவில் கூட்டாட்சித் தேர்தல். டலாகா அப்போது டொராண்டோ ஸ்டார் நாளிதழில் நிருபர். பூர்வகுடி மக்கள் ஏன் அதிகமாக வாக்களிப்பதில்லை என்று எழுதுவதற்காக, ஏப்ரலில் சுப்பீரியர் ஏரிக்கரையில் இருக்கும் தண்டர் பே நகருக்குப் போனார். டொராண்டோவிலிருந்து சாலை வழியே கிட்டத்தட்ட 1,400 கிலோமீட்டர். அங்கே ஸ்டான் பியர்டியைச் சந்தித்தார். வட ஒண்டாரியோவின் 49 பூர்வகுடிச் சமூகங்கள் சேர்ந்த நிஷ்னாபே அஸ்கி நேஷன் என்ற அமைப்பின் அப்போதைய தலைவர் அவர். டலாகா தேர்தலைப் பற்றிக் கேட்டார். பியர்டியோ, ஜோர்டன் வபாஸைப் பற்றி நீங்கள் ஏன் எழுதவில்லை என்று திருப்பிக் கேட்டார். டலாகா மறுபடி தேர்தலுக்கு வந்தார், பியர்டி மறுபடி ஜோர்டனுக்கே போனார். கேட்ட கேள்விக்குப் பதில் வரவில்லையே என்று முதலில் எரிச்சல்தான் வந்ததாக டலாகாவே எழுதியிருக்கிறார். போகப் போகத்தான் விஷயம் பிடிபட்டது. ஜோர்டன் வபாஸ் 15 வயதுப் பையன். வெபெக்வி என்ற தொலைதூரச் சமூகத்திலிருந்து உயர்நிலைப் பள்ளிப் படிப்புக்காக இந்த நகருக்கு வந்தவன். அவன் காணாமல் போய் அன்றோடு 71 நாள். அந்த மே மாதம் அவன் உடல் ஆற்றில் கிடைத்தது. 2000-ஆம் ஆண்டிலிருந்து இப்படிப் படிக்க வந்து இறந்தவர்களில் அவன் ஏழாவது.

இந்தச் சந்திப்புக்கு நான் இவ்வளவு இடம் கொடுக்க ஒரு காரணம் உண்டு. தலைநகரில் தயாரித்த கேள்வியோடு ஊருக்குள் போய், அதற்கு ஏற்ற பதிலை மட்டும் வாங்கிக்கொண்டு திரும்புவதுதான் தேசியப் பத்திரிகைகளின் பழக்கம். டலாகா அன்று தன் கேள்வியைக் கைவிட்டார், எதிரில் இருந்தவரின் கேள்வியை எடுத்துக்கொண்டார். அதற்குப் பிறகு அவர் எழுதிய எல்லாவற்றிலும் இதுதான் நடக்கிறது.

இனி ஆள் யார் என்று பார்க்கலாம். ஒஜிப்வே மக்கள் சுப்பீரியர் ஏரியைச் சுற்றி, இன்றைய கனடா, அமெரிக்கா இரண்டு நாடுகளிலும் வாழ்பவர்கள். தங்களை அனிஷினாபே என்றே சொல்லிக்கொள்வார்கள். டலாகா டொராண்டோவில் வளர்ந்தவர். அப்பா போலந்து வழிவந்த கனடியர். அம்மா தண்டர் பேயிலிருந்து வடமேற்கே காட்டுக்குள் இருக்கும் ரெய்த் என்ற சிற்றூரில் வளர்ந்தவர். பாட்டி, தண்டர் பே நகரை ஒட்டியே இருக்கும் ஃபோர்ட் வில்லியம் பூர்வகுடிச் சமூகத்தைச் சேர்ந்தவர். கொள்ளுப்பாட்டி லிஸ் கோத்தியே உறைவிடப் பள்ளியில் படிக்க வைக்கப்பட்டவர்.

'படிக்க வைக்கப்பட்டவர்' என்று எழுதுவதே கொஞ்சம் கூச்சமாக இருக்கிறது. அந்தப் பள்ளிகள் 19-ஆம் நூற்றாண்டிலிருந்து 1990-கள் வரை அரசின் பணத்திலும் கிறித்தவ சபைகளின் நிர்வாகத்திலும் நடந்தவை. சுமார் 1,50,000 பூர்வகுடிக் குழந்தைகள் குடும்பங்களிடமிருந்து பிரிக்கப்பட்டு அங்கே வைக்கப்பட்டார்கள். தாய்மொழி பேசினால் அடி. பசி, காசநோய், பாலியல் கொடுமை எல்லாம் நடந்தன. பல ஆயிரம் பேர் வீடு திரும்பவே இல்லை. மர்ரி சின்க்ளேர் என்ற அனிஷினாபே நீதிபதி தலைமையில் உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் இதையெல்லாம் விசாரித்து, 2015-ல் 94 பரிந்துரைகளோடு முடித்தது. டலாகாவின் தலைமுறைப் பத்திரிகையாளர்களுக்கு இந்த ஆணையம் பெரிய திருப்பம். அதுவரை ஒவ்வொரு வீட்டிலும் மெல்லப் பேசப்பட்டது, அதன் பிறகு சாட்சியமாகப் பதிவானது.

டலாகா 1995-ல் பயிற்சி நிருபராக ஸ்டாரில் சேர்ந்தார். இருபது வருடத்துக்கும் மேல் அங்கேயே இருந்தார். ஆரம்பத்திலிருந்தே பூர்வகுடி விவகாரங்களுக்கான நிருபராக இருந்தார் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. சுகாதாரம், மாகாணச் சட்டமன்றம், வெளிநாட்டுச் செய்தி என்று ஒரு பெரிய நாளிதழில் என்னென்ன பிரிவு உண்டோ கிட்டத்தட்ட எல்லாவற்றிலும் உழைத்தவர். 2013 ஏப்ரலில் வங்கதேசத்தில் ரானா பிளாசா கட்டடம் இடிந்து 1,100-க்கும் மேற்பட்ட தையல் தொழிலாளர்கள் இறந்தார்கள். அந்தக் கட்டடத்தில் கனடாவின் லாப்லா நிறுவனத்துக்காக 'ஜோ ஃப்ரெஷ்' துணிகளும் தைக்கப்பட்டன. ஸ்டார் அதை வருடம் முழுக்கத் தொடர்ந்து எழுதியது, தேசியப் பத்திரிகை விருதும் கிடைத்தது. அந்தக் குழுவில் டலாகாவும் ஒருவர். அப்புறம் 2015-ல் 'கான்' (இல்லாமல் போனவர்கள்) என்ற தலைப்பில், கொல்லப்பட்ட, காணாமல் போன பூர்வகுடிப் பெண்களைப் பற்றிய தொடர். அதற்கு முந்தைய வருடம்தான் கனடாவின் கூட்டாட்சிக் காவல்துறை, 1980-லிருந்து 2012 வரை அப்படிப்பட்ட பெண்கள் 1,181 பேர் என்று கணக்குச் சொல்லியிருந்தது. ஸ்டாரின் குழு, அந்த எண்ணுக்குப் பின்னால் இருந்த ஒவ்வொரு பெண்ணையும் தேடிப் போனது. அந்தத் தொடருக்கும் அதே விருது கிடைத்தது.

இந்தப் பல்துறை அனுபவத்தை லேசாக எடுத்துக்கொள்ள வேண்டாம். கோப்புகளைத் தேடி எடுப்பது, அரசு பேசும் பாஷையைப் பிரித்துப் படிப்பது, பட்ஜெட் வரிகளுக்கு நடுவே ஒளிந்திருப்பதைக் கண்டுபிடிப்பது எல்லாம் அங்கே கற்ற வித்தைகள். பிறகு தன் சொந்த மக்களைப் பற்றி எழுதும்போது, உணர்ச்சி பொங்கும் இடத்திலும் ஓர் ஆவணத்தை எடுத்து மேசையில் வைக்க அவரால் முடிந்ததற்கு அதுதான் காரணம்.

2017-ல் 'செவன் ஃபாலன் ஃபெதர்ஸ்' வந்தது. உதிர்ந்த ஏழு இறகுகள் என்று பொருள். அந்தப் பெயர் டலாகா வைத்ததல்ல. இறந்த எழுவரில் ஒருவனான கைல் மோரிசோவின் அப்பா கிறிஸ்டியன் மோரிசோ ஓவியர். கைலின் தாத்தா, கனடாவின் மிகப் புகழ்பெற்ற அனிஷினாபே ஓவியரான நார்வல் மோரிசோ. மகனை இழந்த கிறிஸ்டியன், ஏழு பிள்ளைகளையும் நினைத்து வரைந்த படத்தின் பெயர்தான் புத்தகத்தின் பெயரானது. அட்டையிலும் அந்தப் படமே.

ஏழு பேரின் பெயரையும் இங்கே எழுதிவிடுகிறேன், அவர்களின் குடும்பங்களும் இந்தப் பெயர்கள் சொல்லப்பட வேண்டும் என்றே கேட்டன. ஜெத்ரோ ஆண்டர்சன் 2000-ல், கர்ரன் ஸ்ட்ராங் 2005-ல், பால் பனாச்சீஸ் 2006-ல், ராபின் ஹார்ப்பர், ரெஜி புஷி இருவரும் 2007-ல், கைல் மோரிசோ 2009-ல், ஜோர்டன் வபாஸ் 2011-ல் இறந்தார்கள். ஐந்து பேரின் உடல் நகரின் ஆறுகளில் கிடைத்தது. பால், ராபின் இருவரும் தங்கியிருந்த வீட்டிலேயே இறந்தார்கள். ராபின் நகருக்கு வந்து சில நாள்கூட முழுதாக ஆகவில்லை.

இவ்வளவு சின்னப் பிள்ளைகள் ஏன் தனியாக அந்த நகரில் இருந்தார்கள் என்பதுதான் புத்தகத்தின் அடிப்படைக் கேள்வி. பதில் சிக்கலானது அல்ல, கேட்டால் கோபம் வரும், அவ்வளவுதான். அவர்களுடைய ஊர்களில் உயர்நிலைப் பள்ளி இல்லை, அல்லது பெயருக்கு இருந்தது. பல ஊர்களுக்குச் சாலையும் இல்லை. சின்ன விமானத்தில் போக வேண்டும், குளிர்காலத்தில் மட்டும் உறைந்த ஏரிகள்மேல் பனிச்சாலை போடுவார்கள். எட்டாம் வகுப்புக்கு மேல் படிக்க வேண்டுமென்றால் 13, 14 வயதில் பல நூறு கிலோமீட்டர் பறந்து வந்து, முன்பின் தெரியாத வீட்டில் தங்க வேண்டும். தண்டர் பேயில் அவர்களுக்காகப் பூர்வகுடிகளின் கல்விக் குழுவே நடத்தும் டென்னிஸ் ஃபிராங்க்ளின் குரோமார்ட்டி பள்ளி 2000-ல் திறந்தது. திறந்த வருடமே ஜெத்ரோ இறந்தான்.

கனடாவில் பள்ளிக் கல்வி மாகாணங்களின் பொறுப்பு. ஆனால் பூர்வகுடிகளுக்கென ஒதுக்கிய ரிசர்வ் நிலத்தில் உள்ள பள்ளிகளுக்குப் பணம் தர வேண்டியது ஒட்டாவாவில் இருக்கும் மத்திய அரசு. 1996-லிருந்து அந்த நிதி வருடத்துக்கு 2 சதவீதத்துக்கு மேல் உயரக் கூடாது என்று உச்சவரம்பு போட்டார்கள். மக்கள்தொகை அதைவிட வேகமாகக் கூடியது, விலைவாசியும் கூடியது. இருபது வருடத்தில் மாகாணப் பள்ளிக்கும் ரிசர்வ் பள்ளிக்கும் நடுவே எவ்வளவு இடைவெளி விழுந்திருக்கும் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளலாம். இதில் இன்னொரு கொடுமை, 1905-06-ல் அரசு இந்த வட பகுதி மக்களோடு போட்ட 9-ஆம் உடன்படிக்கையில், பள்ளிக்கூடமும் ஆசிரியர் சம்பளமும் தருவதாக வாக்குக் கொடுத்திருந்தது. பரந்த நிலத்துக்கு ஈடாக ஓர் ஆளுக்கு வருடம் 4 டாலர், கூடவே கல்வி. அந்த 4 டாலர் இன்றும் அதே 4 டாலராகவே கொடுக்கப்படுகிறது. வேறு எந்த வாக்கை அவர்கள் இவ்வளவு துல்லியமாகக் காப்பாற்றினார்கள் என்று தெரியவில்லை.

டலாகா இந்தப் பின்னணியை முன்னுரையில் கொட்டிவிட்டுக் கதைக்குப் போவதில்லை. ஒவ்வொரு பிள்ளையின் அத்தியாயத்திலும் அதற்குத் தேவையான வரலாற்றை மட்டும் அவிழ்க்கிறார். சுப்பீரியர் ஏரியில் படுத்திருக்கும் கல் பூதமாகத் தெரியும் நானபிஜூவின் கதையில் தொடங்குகிறார். 1966-ல் கெனோரா நகரின் உறைவிடப் பள்ளியிலிருந்து தப்பி, வீட்டுக்குப் போக ரயில் பாதையோரம் நடந்தே குளிரில் இறந்த 12 வயது சேனி வென்ஜக்கின் கதையும் வருகிறது. சேனியின் வீடு 600 கிலோமீட்டருக்கு அப்பால் இருந்தது. அவன் மரணத்தை விசாரித்த நடுவர் குழு, வீட்டை விட்டுப் பிரித்துக் குழந்தைகளை இப்படிப் படிக்க வைப்பது சரியா என்று அப்போதே கேட்டது. ஐம்பது வருடம் கழித்து ஏழு பேருக்காக உட்கார்ந்த இன்னொரு நடுவர் குழுவும் கிட்டத்தட்ட அதே இடத்தில்தான் வந்து நின்றது.

அந்த இரண்டாவது விசாரணையைப் பற்றிய பகுதிதான் என் கணக்கில் புத்தகத்தின் உச்சம். ஒண்டாரியோவில் சந்தேக மரணங்களைக் கொரோனர் என்ற மரண விசாரணை அதிகாரி விசாரிப்பார், சில வழக்குகளில் பொதுமக்களில் ஐந்து பேர் நடுவர்களாக இருப்பார்கள். முதலில் ரெஜி புஷியின் மரணத்துக்கு மட்டும் விசாரணை வருவதாக இருந்தது. நடுவர் பட்டியலில் பூர்வகுடியினர் அநேகமாக இல்லவே இல்லை என்று தெரியவந்ததும் அது வருடக்கணக்கில் நின்றது. அந்தக் குறையை ஆராய முன்னாள் உச்ச நீதிமன்ற நீதிபதி ஃபிராங்க் யாகோபுச்சியை நியமித்தார்கள், அவர் அறிக்கை 2013-ல் வந்தது. இதற்கிடையே விசாரணை ஏழு பேருக்குமானதாக விரிந்தது. கடைசியில் 2015 அக்டோபரில் தொடங்கியபோது, புதிதாகக் கட்டிய பிரமாண்டமான நீதிமன்ற வளாகத்தில் இவர்களுக்குக் கிடைத்தது சின்னஞ்சிறு அறை. பிள்ளைகளை இழந்த குடும்பங்களுக்கே உட்கார இடமில்லை. எதையும் மிகைப்படுத்தாமல் அந்த அறையை மட்டும் டலாகா விவரிக்கிறார், படிக்கிறவருக்கு அதுவே போதும்.

2016 ஜூனில் தீர்ப்பு வந்தது. மூன்று மரணங்கள் விபத்து. நான்கு மரணங்களின் காரணம் தீர்மானிக்க முடியாதது. 145 பரிந்துரைகள்.

தீர்மானிக்க முடியாதது என்ற முடிவை எப்படிப் புரிந்துகொள்வது? இந்தப் புத்தகத்தை ஒரு துப்பறியும் கதையாக எடுத்துக்கொண்டு படித்தவர்கள் சிலர், கொலையாளி யார் என்று சொல்லவே இல்லையே என்று குறைப்பட்டிருக்கிறார்கள். சொல்லாததுதான் அவருடைய நேர்மை. ஆதாரம் இல்லாத இடத்தில் அவர் யாரையும் கொலைகாரர் என்று சுட்டுவதில்லை. ஆதாரம் ஏன் இல்லாமல் போனது என்பதைத்தான் தோண்டுகிறார். ஜெத்ரோ காணாமல் போய் ஆறு நாள் கழித்தே போலீஸ் தேடத் தொடங்கியது. குடித்துவிட்டு எங்கேயாவது சுற்றிக்கொண்டிருப்பான் என்ற தோரணையில்தான் அவனுடைய அத்தைக்குப் பதில் கிடைத்தது. ஆற்றில் பூர்வகுடிப் பிள்ளையின் உடல் கிடைத்தால், குற்றம் எதுவும் நடந்ததாகச் சந்தேகமில்லை என்ற அறிவிப்பு சீக்கிரமே வந்துவிடும். விசாரிக்காமல் விட்ட மரணத்தின் காரணத்தைப் பிறகு எப்படித் தீர்மானிப்பது?

இந்தப் புத்தகத்தால்தான் எல்லாம் மாறியது என்று சில அறிமுகக் குறிப்புகளில் பார்க்கலாம். அது மிகை. குடும்பங்களும் நிஷ்னாபே அஸ்கி நேஷனும் அவர்களுடைய வழக்கறிஞர்களும் பத்து வருடத்துக்கும் மேல் போராடியதன் பலன்தான் கொரோனர் விசாரணை. தண்டர் பே போலீஸ் மீதான மாகாண அளவிலான ஆய்வும் புத்தகம் வருவதற்கு முன்பே, 2016-லேயே தொடங்கிவிட்டது. 'பிரோக்கன் டிரஸ்ட்' என்ற அந்த ஆய்வறிக்கை 2018 டிசம்பரில் வெளியானது. பூர்வகுடியினரின் மரணங்களை விசாரித்த விதத்தில் அமைப்பளவிலான இனவெறி இருந்தது என்று அது வெளிப்படையாகவே சொன்னது, ஒன்பது மரணங்களை மறுபடி விசாரிக்கச் சொன்னது. புத்தகம் செய்தது வேறு வேலை. ஒண்டாரியோவின் வடக்கில் எல்லோருக்கும் தெரிந்திருந்த ஒன்றைத் தெற்கே, டொராண்டோவிலும் ஒட்டாவாவிலும் இருந்த படித்த வர்க்கத்தால் தெரியாது என்று சொல்ல முடியாமல் ஆக்கியது. 2018-ல் கனடாவின் அபுனைவு நூல்களுக்கான முக்கியப் பரிசான ஆர்பிசி டெய்லர் பரிசு அதற்குக் கிடைத்தது. கல்லூரிகளில் பாடமாகவும் ஆனது.

அடுத்து அவர் எடுத்துக்கொண்டது தற்கொலைப் பிரச்சினை. பத்திரிகையாளர்களுக்கான அட்கின்சன் ஆய்வு நிதியோடு பூர்வகுடி இளைஞர்களின் தற்கொலையை ஒரு வருடம் ஆராய்ந்தார். அது 2018-ல் மாஸ்ஸி சொற்பொழிவுகளாக மாறியது. 1961-லிருந்து நடக்கும் அந்த வரிசையில் ஒவ்வோர் ஆண்டும் ஒருவர் நாட்டின் வெவ்வேறு நகரங்களில் ஐந்து உரை நிகழ்த்துவார், கனடாவின் பொது ஒலிபரப்பு நிறுவனமான சிபிசியின் வானொலி அதை ஒலிபரப்பும். அதில் பேசிய முதல் அனிஷினாபே பெண் டலாகா. உரைகளின் நூல் வடிவம் 'ஆல் அவர் ரிலேஷன்ஸ்'.

அதில் வபெக்கேகா என்ற சமூகத்தின் கதை வருகிறது. அங்கே சிறுமிகளுக்கு நடுவே தற்கொலை ஒப்பந்தம் ஒன்று இருப்பதாக 2016 கோடையில் ஊர்த் தலைவர்களுக்குத் தெரியவந்தது. மனநலப் பணியாளர்களை நியமிக்க 3,76,706 டாலர் கேட்டு மத்திய அரசுக்கு விண்ணப்பித்தார்கள். பணம் வரவில்லை. 2017 ஜனவரியில் 12 வயதுச் சிறுமிகள் இருவர் இறந்தார்கள். ஏன் தரவில்லை என்று கேட்டபோது, விண்ணப்பம் வந்தது நிதியாண்டின் தோதில்லாத நேரத்தில் என்று அதிகாரத் தரப்பிலிருந்து பதில் வந்தது. ஆஸ்திரேலியா, பிரேசில், நார்வே என்று உலகின் மற்ற பூர்வகுடிகளோடும் டலாகா இதை ஒப்பிடுகிறார். எனக்கு அந்த ஒப்பீட்டுப் பகுதிகள் கொஞ்சம் அவசரமாகத் தோன்றின. ஐந்து உரைக்குள் உலகத்தையே சுற்றி வருவது யாருக்கும் கஷ்டம். தன் ஊர்ப் பகுதிக்குத் திரும்பும்போதெல்லாம் எழுத்துக்கு உயிர் வந்துவிடுகிறது.

இதற்குப் பிறகு ஸ்டாரை விட்டு வெளியே வந்தார். மக்வா கிரியேட்டிவ் என்ற தயாரிப்பு நிறுவனத்தைத் தொடங்கினார். குளோப் அண்ட் மெயில் நாளிதழில் பத்தி எழுத ஆரம்பித்தார். மிஷெல் டெரோசியேயுடன் சேர்ந்து இயக்கிய 'ஸ்பிரிட் டு சோர்' ஆவணப்படம் 2021-ல் வந்தது. புத்தகம் முடிந்த இடத்திலிருந்து, அந்த ஏழு குடும்பங்களிடம் திரும்பிப் போகிற படம் அது. நிருபர்கள் பொதுவாகப் பரிசு வாங்கிய பிறகு அந்தப் பக்கம் போக மாட்டார்கள் என்பதால் இதைச் சொல்கிறேன்.

அதே 2021 மே மாதத்தில் பிரிட்டிஷ் கொலம்பியாவின் காம்லூப்ஸ் நகரிலிருந்து அந்தச் செய்தி வந்தது. பழைய உறைவிடப் பள்ளி வளாகத்தில் நிலத்தடி ரேடார் கொண்டு தேடியதில், 215 குழந்தைகளின் எச்சங்கள் தென்பட்டதாக அங்குள்ள பூர்வகுடிச் சமூகம் முதலில் அறிவித்தது, பிறகு அதை அடையாளமற்ற கல்லறைகளாக இருக்கக்கூடிய சுமார் 200 இடங்கள் என்று திருத்தியது. நாடே அதிர்ந்தது. பூர்வகுடிக் குடும்பங்கள் அதிரவில்லை, அவர்களுக்கு ஏற்கெனவே தெரியும். இந்தத் தெரிந்திருத்தல்தான் 2024-ல் வந்த 'தி நோயிங்' புத்தகத்தின் தலைப்பு. இந்த முறை டலாகா தேடியது தன் கொள்ளுப்பாட்டியின் தாயான ஆனி கார்ப்பெண்டரை. குடும்பம் எண்பது வருடத்துக்கும் மேலாக அவர் என்ன ஆனார் என்று தேடிக்கொண்டிருந்தது. கடைசியில் அவர் புதைக்கப்பட்ட இடம் டொராண்டோவில் கிடைத்தது. நகரின் மேற்கே, பழைய லேக்‌ஷோர் மனநல மருத்துவமனையின் கல்லறைத் தோட்டம். அங்கே 1,511 பேர் புதைக்கப்பட்டிருக்கிறார்கள், பெரும்பாலானோருக்குக் கல்கூட இல்லை. பக்கத்திலேயே கார்டினர் நெடுஞ்சாலை இரைந்துகொண்டிருக்கிறது. டொராண்டோவில் இருக்கும் நம் ஆட்கள் எத்தனையோ பேர் தினமும் அந்த இடத்தைத் தாண்டி வேலைக்குப் போகிறார்கள். டலாகாவும் அதே நகரில்தான் வளர்ந்தார்.

இந்தத் தேடலுக்கு அவர் பயன்படுத்தியவை தேவாலயப் பதிவேடுகள், உடன்படிக்கைப் பணம் கொடுத்த பட்டியல்கள், விலங்குத்தோல் வணிகம் செய்த ஹட்சன்ஸ் பே நிறுவனத்தின் பழைய ஆவணங்கள், மருத்துவமனைக் கோப்புகள். ஒரே பெண்ணின் பெயர் ஒவ்வொரு குமாஸ்தா கையிலும் ஒவ்வொரு மாதிரி எழுதப்பட்டிருக்கும். ஒரு குடும்பத்தைக் காகிதத்தில் தொலைப்பது எவ்வளவு சுலபம் என்று இதில் தெரிகிறது. புத்தகம் சில இடங்களில் அலைகிறது என்பதையும் சொல்ல வேண்டும். குடும்பக் கதை, சபைகளின் வரலாறு, போப் பிரான்சிஸின் 2022 மன்னிப்பு என்று எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொல்லப் பார்க்கிறார். முதல் புத்தகத்தின் கட்டுக்கோப்பு இதில் இல்லை. ஆனாலும் ஆனியைத் தேடும் பக்கங்களுக்காகவே படிக்கலாம். இதே பெயரில் சிபிசிக்காக நான்கு பகுதி ஆவணத் தொடரும் வந்தது.

போராளியா என்ற கேள்விக்கு இப்போது வருகிறேன். பூர்வகுடிப் பத்திரிகையாளர்கள் எல்லோரையும் துரத்தும் கேள்வி இது. சொந்த மக்களைப் பற்றி எழுதினால் நடுநிலை போய்விடும் என்று ஒரு வாதம். டொராண்டோவில் பிறந்த வெள்ளைக்கார நிருபர் டொராண்டோ மாநகராட்சியைப் பற்றி எழுதும்போது இந்தச் சந்தேகம் யாருக்கும் வருவதில்லை, கவனித்தீர்களா? சிபிசியில் நீண்ட காலம் நிருபராக இருந்த டங்கன் மக்கியூவும் அனிஷினாபேதான். ஒரு பெரியவர் தன்னிடம் சொன்னதாக அவர் எழுதியிருக்கிறார்: பூர்வகுடி ஆள் செய்தியில் வர வேண்டுமென்றால் மேளம் அடிக்க வேண்டும், ஆட வேண்டும், குடித்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் செத்திருக்க வேண்டும். சாலையை மறிக்கும் போர்வீரனையும் மக்கியூ இந்தப் பட்டியலில் சேர்த்துக்கொண்டார். டலாகா எழுதியவர்கள் இறந்துபோன பிள்ளைகள்தான். ஆனால் அவர்கள் பக்கத்துக்கு வரும்போது உயிரோடு வருகிறார்கள். ஒருவனுக்கு ஹாக்கி பிடிக்கும், ஒருவன் அப்பாவோடு உட்கார்ந்து படம் வரைவான். மரணம் அத்தியாயத்தின் கடைசியில்தான் வரும்.

அவருக்கு முன்னோடிகளும் உண்டு. ரிச்சர்ட் வாகமீஸ் என்ற ஒஜிப்வே எழுத்தாளர் ஒன்பதாம் வகுப்போடு பள்ளியை விட்டு, தெருவில் வாழ்ந்து, நூலகங்களில் தானாகப் படித்து, 1979-ல் ஒரு பூர்வகுடிப் பத்திரிகையில் நிருபராகச் சேர்ந்தார். பிறகு கால்கரி ஹெரால்டில் பத்தி எழுதி, 1991-ல் பத்தி எழுத்துக்கான தேசியப் பத்திரிகை விருது பெற்ற முதல் பூர்வகுடி எழுத்தாளர் ஆனார். அவர் நாவலுக்குப் போனார், டலாகா ஆவணத்திலேயே நின்றார். வாகமீஸின் 'இந்தியன் ஹார்ஸ்' நாவல் உறைவிடப் பள்ளியை ஒரு ஹாக்கி ஆட்டக்காரனின் வாழ்க்கை வழியே சொல்கிறது. டலாகாவோடு சேர்த்துப் படித்தால் இரண்டும் ஒன்றையொன்று விளக்கும்.

எங்கே தொடங்குவது என்று கேட்டீர்கள். 'செவன் ஃபாலன் ஃபெதர்ஸ்' முதலில், சந்தேகமே வேண்டாம். எளிய ஆங்கிலம், ஆனால் ஒரே இரவில் முடிக்கப் பார்க்காதீர்கள், ஒரு பிள்ளைக்கு ஒரு நாள் என்று வைத்துக்கொண்டால் நல்லது. அடுத்து 'ஸ்பிரிட் டு சோர்' படம். மாஸ்ஸி உரைகளைப் படிப்பதைவிடக் கேட்பது மேல், அவை குரலுக்காக எழுதப்பட்டவை. வீட்டில் பதின்ம வயதுப் பிள்ளைகள் இருந்தால், தற்கொலை பற்றியது என்பதால் முதலில் நீங்கள் கேட்டுவிட்டு அப்புறம் அவர்களோடு சேர்ந்து கேளுங்கள். 'தி நோயிங்' கடைசியில். உறைவிடப் பள்ளிகள், உடன்படிக்கைகள் பற்றிக் கொஞ்சம் தெரிந்த பிறகு அதற்குள் போனால்தான் அந்த ஆவணங்களின் காடு வழிவிடும்.